புள்ளிக்கோட்டில் விட்ட சொல்

எனக்கு முன்னால் போய்விட்ட, இன்னமும் எனக்குப் பதில் சொல்லக் கடமையுள்ள அன்பின் நல்லதம்பி அண்ணை,

பெயரில் தம்பி, அழைப்பில் அண்ணை. இரண்டுக்கும் சேர்த்து எனக்கு வாய்த்த ஒரே ஆள் நீங்கள். சண்டை பிடிக்க நீங்கள் இல்லாமல் ஒரு வருடமாக எனக்கு வாய் புளித்துப் போய்க் கிடக்கிறது. போன ஞாயிறு உங்கள் ஆண்டுத் திவசம். ஐயர் மந்திரம் சொன்னார். உங்கள் மனைவி தங்கம்மா அக்கா சமைத்தார். வந்தவர்கள் சாப்பிட்டுவிட்டு உங்களைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை சொன்னார்கள். எனக்குக் கோபம் வந்தது அந்த நாலு வார்த்தையால்தான்.

"நல்ல மனுசன். ஒருத்தரோடையும் ஒரு பிரச்சினைக்குப் போகாதவர்" என்றார் இங்குள்ள தமிழ்ச் சங்கத் தலைவர் பரமநாதன், வடையைக் கையில் வைத்துக்கொண்டு. நீங்களா? சங்கப் பத்திரிகையில் ஒரு சொல்லுக்காக அவரோடு மூன்று கிழமை, இருபத்தொரு நாள், பேசாமல் இருந்தவர் நீங்கள். அதையும் மறந்து அவரால் வடை சாப்பிட முடிகிறது. எனக்கு முடியவில்லை. எழும்பி வந்து இதை எழுதத் தொடங்கினேன்.

இதைச் சபையறிய எழுதுகிறேன். உங்களைத் தெரியாதவர்களும் வாசிப்பார்கள். அவர்களுக்குச் சொல்ல வேண்டும்: நீங்கள் யாழ்ப்பாணக் கச்சேரியில், அரசாங்க அலுவலகத்தில், முப்பது வருடம் கிளாக்கர். நான் ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்ட பஸ் கொண்டக்டர். எண்பத்து மூன்றுக் கலவரத்துக்குப் பிறகு ஊர் நம்மை உதறியபோது இரண்டு பேரும் கனடாவின் மொன்றியலில், கோட்-டெ-நெய்ஜில், ஒரே கட்டடத்தில் வந்து விழுந்தோம். நீங்கள் ஆஸ்பத்திரியில் தரை துடைத்தீர்கள். நான் நோத்ர-டாம்-த-கிரேசில் ஒரு சாப்பாட்டுக் கடையில் கோப்பை கழுவினேன். ஊரில் என்றால் உங்கள் மேசைக்கு முன்னால் நான் நின்றுகொண்டுதான் பேசியிருப்பேன். இங்கே கட்டடத்தின் கீழ்த்தளத்தில், உடுப்புத் தோய்க்கும் மெசின்களுக்கு முன்னால், ஒரே மர வாங்கில் பக்கத்தில் பக்கத்தில் இருந்தோம்.

அந்த வாங்குக்குத்தான் ஒரு ஞாயிறு பின்னேரம் நீங்கள் அந்தப் புத்தகத்தைக் கொண்டு வந்தீர்கள். சுகமாகி வீட்டுக்குப் போன யாரோ ஒரு நோயாளி கட்டிலடியில் விட்டுவிட்டுப் போனது. அமெரிக்கர் ஒருவர் எழுதியது. பின்னட்டைப் படத்தில் முழங்காலில் குறிப்பெழுதும் கொப்பி ஒன்றை விரித்து வைத்துக்கொண்டு, படம் எடுப்பவனிடமும் ஏதோ கேள்வி கேட்கப் போகிறவர் போல இருந்தார். அன்றிலிருந்து நமக்கு அவர் கொப்பிக்காரர். அவருடைய உண்மைப் பெயரை நான் இங்கே எழுதவில்லை. எழுதினால் நம்மவர்கள் புத்தகத்தை வாங்கி வரவேற்பறையில் வைத்துவிட்டு வாசித்த மாதிரிக் கதைப்பார்கள்.

சின்ன ஊர்ப் பத்திரிகையொன்றில் நெருப்புப் பிடித்த வீடுகளையும் நீதிமன்ற வழக்குகளையும் எழுதித் தொடங்கியவர், பிறகு தன் நாட்டின் சரித்திரத்தையே அதே மாதிரி எழுதினார் என்று முன்னுரையை வாசித்துவிட்டுச் சொன்னீர்கள். அது எனக்குப் பிடித்துக்கொண்டது. பல்கலைக்கழகத்தில் இருந்து இறங்கி வந்த சரித்திரம் இல்லை. வீட்டு வீடாய்க் கதவு தட்டி எடுத்த சரித்திரம்.

முதற் புத்தகம் ஒரு தூர தேசத்து யுத்தத்தைப் பற்றியது. அமெரிக்கா அதற்குள் எப்படி இறங்கியது என்று ஒவ்வொரு படியாகச் சொல்லியிருந்தார். அரசாங்கக் கடிதங்களில் முடிவு எடுக்கப்பட்டது, குண்டுகள் வீசப்பட்டன, கிராமங்கள் அகற்றப்பட்டன என்று இருக்கும். மற்றவர்கள் அந்த இடத்தைக் கடந்து போய்விடுவார்கள். கொப்பிக்காரர் கடக்கமாட்டார். எடுத்தது யார்? எந்த அறையில்? அப்போது மணி எத்தனை? அந்த ஆளைத் தேடிப் பிடித்து, அவன் வீட்டு முற்றத்தில் புல்லுக்குத் தண்ணீர் விட்டுக்கொண்டு நிற்கையில் போய் நிற்பார். அந்த மனிதன் தண்ணீரை நிறுத்தாமலே ஒரு மணித்தியாலம் பேசுவான். புல் மூழ்கிப் போகும்.

அந்தப் பக்கத்தை வாசித்தபோது நீங்கள் நிறுத்திவிட்டீர்கள். மெசின் சுற்றி முடிந்து உடுப்பு உள்ளே ஊறிக் கிடந்தது. வேறு யாரோ வந்து தனக்கு மெசின் வேண்டும் என்று பிரெஞ்சில் முணுமுணுத்தார்கள். நீங்கள் எழும்பவில்லை.

"கந்தப்பு, நான் முப்பது வருசமா எழுதினது இதைத்தான்" என்றீர்கள். "உமது விண்ணப்பம் நிராகரிக்கப்பட்டது. ஒருநாள் ஒரு மீன்பிடிக்கிற மனுசன், காணிப் பத்திரத்துக்கு எழுதிப் போட்டவன், கடிதத்தையும் கொண்டு வந்து ஆரய்யா நிராகரிச்சது எண்டு கேட்டான். நான் மேலிடம் எண்டனான். மேலிடம் ஒண்டும் இல்லை. நான்தான் நிராகரிச்சனான். எனக்கே இப்பதான் தெரியுது."

அன்றைக்கு நான் உங்களுக்கு ஆறுதல் சொல்லவில்லை. "தெரிஞ்சால் சரி, உடுப்பை எடுங்கோ" என்றேன். நீங்கள் சிரித்தீர்கள். அதன் பிறகுதான் நாம் உண்மையான சிநேகிதர்கள் ஆனோம் என்று நான் நினைக்கிறேன். நீங்கள் என்ன நினைத்தீர்கள் என்று கேட்கவேயில்லை.

அடுத்த ஞாயிறே மொழிபெயர்க்கத் தொடங்கினோம். நீங்கள் ஆங்கிலத்தை வாசித்துப் பொருள் சொல்வீர்கள். நான் தமிழில் எழுதுவேன். எழுதுவதற்கு முன் மறுப்பேன். ஆங்கிலத்தில் ஏபிசி மட்டும் தெரிந்த நான் அந்தப் புத்தகங்களில்தான் ஆங்கிலம் படித்தேன். ஒரு கையில் அகராதி, மறுகையில் உங்கள் மேலுள்ள சந்தேகம்.

சந்தேகம் எப்போதும் எனக்கு உதவவில்லை. நீங்கள் இரவு வேலைக்கு மாறிய ஒரு கிழமை, நானே தனியாக ஒரு பக்கத்தை முடித்துச் சங்கப் பத்திரிகைக்குக் கொடுத்துவிட்டேன். ஜனாதிபதி தன் நம்பிக்கைக்குரிய ஐந்தாறு பேரைத் தனியாகக் கூட்டி ஆலோசிப்பார், அதற்கு அமெரிக்கர்கள் 'கிச்சன் கபினெட்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். எனக்குத் தெரிந்த கபினெட் சட்டைகள் தொங்குவது. 'ஜனாதிபதியின் குசினி அலுமாரி அன்று காலை அவசரமாகத் திறந்தது' என்று எழுதினேன். அச்சிலும் வந்தது. பிழை என்று நீங்கள் சொன்னபோது, ரகசியக் கடிதங்களைக் குசினி அலுமாரிக்குள் வைத்திருக்கலாம்தானே என்று இரண்டு கிழமை வாதாடினேன். மெட்ரோவில் கண்டவர்களெல்லாம் "என்ன அண்ணை, அலுமாரி என்ன முடிவெடுத்தது?" என்று கேட்டார்கள். இன்றைக்கும் சிலர் கேட்கிறார்கள். அந்தப் பிழை என்னுடையது. நான் செய்தது. பாருங்கள், இப்படிச் சொல்ல எனக்கு ஒன்றும் குறையவில்லை.

அந்த நாட்களில்தான் நீங்கள் தமிழ் வினைச்சொல்லின் வாலைக் கண்டுபிடித்தீர்கள். இலக்கணம் படித்தவர்கள் இதற்கு வேறு பெயர் சொல்வார்கள். எனக்கு உங்கள் பெயர் போதும். 'கொன்றான்' என்றால் வால் கொன்றவனைக் காட்டும். 'கொன்றார்கள்' என்றால் பலர். பெயரைச் சொல்லாமல் விட்டாலும் வால் காட்டிக் கொடுத்துவிடும். ஆனால் 'கொல்லப்பட்டான்' என்று எழுதிப் பாருங்கள். வால் செத்தவனிடம் போய் ஒட்டிக்கொள்கிறது. கொன்றவன் வசனத்தை விட்டே இறங்கிப் போய்விட்டான். செத்தவன் தானே ஏதோ செய்துகொண்ட மாதிரி நிற்கிறான். அதைச் சொல்லும்போது எழும்பி நின்றுவிட்டீர்கள். இலக்கணத்துக்கு ஒரு மனிதன் எழும்பி நிற்பானா என்று நான் அப்போது பகிடி பண்ணினேன்.

அன்றிலிருந்து நமக்குள் ஒரு சட்டம்: செத்தவனின் தலையில் வாலைக் கட்டக் கூடாது. கவலைப்பட்டேன், ஆசைப்பட்டேன் என்று எழுதலாம். அங்கே படுகிறவனே பேசுகிறான். மற்ற 'பட்ட'தெல்லாம் வெட்டு. இந்தக் கடிதத்தையும் அந்தச் சட்டத்தின்படியே எழுதுகிறேன். மற்றவர்கள் சொன்னதை எடுத்துக் காட்டும் இடங்கள் மட்டும் விலக்கு.

பத்திரிகையில் யுத்தப் புத்தகம் வந்தபோது நம்மவர்களுக்கு எவ்வளவு சந்தோசம். அமெரிக்காவின் வண்டவாளத்தை அமெரிக்கனே எழுதுகிறான் என்று தொடர்ந்து வாசித்தார்கள். இரண்டாவது புத்தகம் தொழிற்சாலை மூடிய ஒரு பட்டணத்தைப் பற்றியது. முதலாளி ஒரு கடிதத்தில் கதவைச் சாத்தியதையும், அதற்குப் பிறகு அந்தத் தெருவில் யார் யார் குடிக்கத் தொடங்கினார்கள், எந்தப் பெண் எந்தக் கடையில் வேலைக்குப் போனாள் என்பதையும் வீடு வீடாகச் சொன்னார். புவாண்ட்-கிளேர்ப் பக்கத்துக் கடைகளில் சாமான் அடுக்கும் நம் ஆட்கள் அதை வாசித்துவிட்டு வந்து, எங்கடை ஸ்டோர் மனேஜரைப் பற்றியும் எழுதச் சொல்லுங்கோ என்றார்கள்.

மூன்றாவது புத்தகத்தில்தான் வினை வந்தது.

அது அமெரிக்கர்கள் தங்கள் அயலவரையே பட்டியல் எழுதிக் கொடுத்த காலத்தைப் பற்றியது. ஒரு பள்ளிக்கூட ஆசிரியர் ஒரு கூட்டத்தில் ஒரு கேள்வி கேட்டார். அடுத்த கிழமை அவர் பெயர் பட்டியலில் ஏறியது. வேலை போனது. ரொட்டிக் கடைக்காரன் அவருக்குப் பாண் விற்க மறுத்தான். அவரை அவர்கள் அழைத்த சொல்லுக்கு நீங்கள் ஒரு கணமும் யோசிக்காமல் தமிழ் சொன்னீர்கள்: துரோகி. நான் எழுதினேன். அந்தச் சொல்லில் மட்டும் நமக்குள் சண்டை வரவில்லை.

பரமநாதன் அந்த அத்தியாயத்தைத் திருப்பிக் கொண்டு வந்தார். கணக்காளராக வேலை செய்பவர், மரியாதையானவர், நம்மிலும் இருபது வயது இளையவர். சொல்லை மாற்றச் சொன்னார். விசுவாசமற்றவர் என்று போடலாமாம்.

"உந்தச் சொல்லு வேண்டாம் அண்ணை. சனம் வேறை விதமா விளங்கும்."

"வேறை விதமா இல்லைத் தம்பி. சரியாத்தான் விளங்கும். அதுதான் உமக்குப் பயம்" என்றீர்கள்.

அத்தியாயம் அச்சேறவில்லை. அமெரிக்கன் பட்டியல் எழுதினால் சரித்திரம். துப்பாக்கி தூக்கிய நம்மவன் எழுதினால் அதைப் பற்றி மூச்சு விடக் கூடாது. இது எந்த ஊர் நியாயம்? அன்றைக்கு நான் உங்களிலும் கோபித்தேன். கொப்பிக்காரருக்கு என்ன, கதவைத் தட்டினால் அவர்கள் வழக்குப் போடுவார்கள், அவருக்கு ஒரு வழக்கறிஞர் இருக்கிறார், நமக்குக் கட்டிவைத்துச் சுடுகிற மின்கம்பம்தான் இருக்கிறது என்றேன். நீங்கள் புத்தகத்தை மூடிக்கொண்டு எழும்பிப் போனீர்கள். நான் வென்றுவிட்டேன் என்று நினைத்தேன். உங்கள் மகன் குகன் அப்போது ஊரில் இருந்தான் என்பது என் தலையில் ஏறவில்லை.

இரண்டு மாதம் கழித்து உங்கள் மச்சாளின் கடிதம் வந்தது. அதில் ஒரே வரி: குகன் சந்தியில் வைத்துச் சுடப்பட்டான். இருபத்திரண்டு வயது. டியூட்டரியில் கணிதம் சொல்லிக்கொடுத்த பிள்ளை. நீங்கள் கொழும்புக்குப் போன் எடுத்து, செய்தி தெரிந்த உறவினர் ஒருவரிடம் கேட்டீர்கள். நான் பக்கத்தில் நின்றேன். நீங்கள் கேட்டது ஒரே கேள்வி. "ஆராலை?" அந்தப் பக்கத்தில் அவர் சொன்னது எனக்கும் கேட்டது. "அதெல்லாம் போனிலை கதைக்கேலாது மச்சான்."

பிறகு ஆறு மாதம் நீங்கள் கொப்பிக்காரரின் வேலையைச் செய்தீர்கள். ஊரில் இருந்து வந்திறங்கிய ஒவ்வொருவரின் கதவையும் தட்டினீர்கள். தேத்தண்ணி தந்தார்கள், அழுதார்கள், வாயைத் திறக்கவில்லை. கடைசியில் கிடைத்தது இவ்வளவு: பக்கத்து வீட்டுப் பெடியனை அவர்கள் பிடித்துக்கொண்டு போனார்கள். அவனை ஆர் கொண்டு போனது, அவன் எங்கே என்று குகன் ஒரு கூட்டத்தில் எழும்பிக் கேட்டான். அடுத்த கிழமை குகனையும் வந்து கூட்டிக்கொண்டு போனார்கள். பிறகு சந்தியில் சனம் கண்டபோது அவன் கழுத்தில் ஒரு காகித மட்டை தொங்கியது. மட்டையில் என்ன எழுதியிருந்தது என்று நான் எழுத வேண்டுமா? நீங்கள் அமெரிக்க ஆசிரியருக்காகச் சொன்ன அதே சொல்.

தகப்பனைப் போல ஆர் என்று கேட்ட பிள்ளை. இதை நான் ஒருநாளும் உங்கள் முகத்துக்கு நேரே சொல்லவில்லை. இப்போது சொல்கிறேன்.

அகதி விண்ணப்பப் படிவங்களை நிரப்பிக் கொடுக்கும் நம்மவர் ஒருவர் உங்களுக்கு உதவ வந்தார். மகனை அரசாங்கத்தின் ஆமி சுட்டது என்று எழுதினால் விசாரணையில் சுலபம், மற்றக் கதையை வெள்ளைக்காரனுக்கு விளங்கப்படுத்த ஏலாது என்றார். அவரில் பிழையில்லை, அவர் உங்கள் நன்மைக்குத்தான் சொன்னார் என்று எல்லோரும் சொன்னார்கள். நீங்கள் படிவத்தைத் திருப்பி வாங்கினீர்கள். "ஆமி செய்ததுக்கு ஆமியைச் சொல்லுவன். இதை ஆமி செய்யேல்லை." உங்கள் வழக்கு இழுபட்டது. இல்லை, இழுத்தார்கள். இழுத்துக்கொண்டே இருந்தார்கள். முடிவு வருவதற்கு முன்னால் உங்கள் நெஞ்சு நின்றுவிட்டது. நீங்கள் துடைத்த தரைக்கு மேலேயே ஒரு கட்டிலில், காலை பத்து மணிக்கு, தங்கம்மா அக்காவும் நானும் பார்த்துக்கொண்டிருக்க.

இனி நடந்தது உங்களுக்குத் தெரியாது. கவனமாகக் கேளுங்கள்.

முப்பத்தோராம் நாள் வீட்டுக்கு வருகிறவர்களுக்குக் கொடுக்கக் கல்வெட்டு அடிக்க வேண்டும். படம், தேவாரம், பிறந்த ஊர், பெற்ற பிள்ளைகள் எல்லாம் போட்டு ஒரு சின்னப் புத்தகம். செத்தவருக்கு நம்மவர்கள் எழுதும் சரித்திரம் அது ஒன்றுதான். சங்கமே அடித்துத் தருவதாகப் பரமநாதன் சொன்னார். எழுதியும் கொண்டு வந்தார். நான் வாசித்தேன். 'இவரது அருமைப் புதல்வன் குகன் இளவயதிலேயே காலனால் கவரப்பட்டார்.'

"காலன் எந்த ஊர்?" என்று கேட்டேன். "எத்தினை மணிக்கு வந்தவன்? தனியவோ, வான் வண்டியிலையோ?"

"கந்தப்பு அண்ணை, செத்தவீட்டிலை அரசியல் வேண்டாம். இது கல்வெட்டு."

"கல்வெட்டு எண்டால் கல்லிலை வெட்டினது. கல்லிலையோ பொய்யை வெட்டுறது?"

அவர் குரலை உயர்த்தவில்லை. உங்கள் மகள் வதனி இன்னும் ஊரில் பெரியம்மா வீட்டில் இருக்கிறாள் என்பதை மட்டும் நினைவுபடுத்தினார். இங்கே அச்சடிக்கும் காகிதம் அங்கே போய்ச் சேர எத்தனை நாள் எடுக்கும் என்று கேட்டார். அண்ணை, நான் உங்களுக்குப் பொய் சொல்ல மாட்டேன். அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இருக்கவில்லை. பதில் இல்லாததால் இன்னும் சத்தம் போட்டேன்.

குசினியில் நின்ற தங்கம்மா அக்கா கையைத் துடைத்துக்கொண்டு வந்தார். இரண்டு பேரையும் இருக்கச் சொன்னார். உங்களோடு முப்பத்தைந்து வருடம் வாழ்ந்த மனுசி, கொப்பிக்காரரின் ஒரு பக்கத்தையும் வாசித்ததில்லை. ஆனால் நாம் வாதாடியதெல்லாம் அவர் காதில் விழுந்திருக்கிறது.

"பட்டார் எண்டு போடாதேங்கோ. அவருக்குப் பிடியாது" என்றார். "வதனி அங்கை இருக்குமட்டும் ஆர் எண்டும் போடாதேங்கோ. அந்த இடத்தைப் புள்ளி போட்டு விடுங்கோ. மிச்சத்தைச் சரியா எழுதுங்கோ."

அப்படித்தான் அச்சில் வந்தது: 'இவர்களின் மகன் குகனை ................ கொன்றார்கள்.' வாலை மட்டும் நிறுத்தி வைத்தோம். பார்க்கிறவர்கள் அச்சுப்பிழை என்று நினைப்பார்கள் என்று பரமநாதன் முணுமுணுத்தார். விதவையின் சொல்லுக்கு மறுப்புச் சொல்ல அவருக்குத் துணிவு வரவில்லை.

முப்பத்தோராம் நாள் வீடு நிறைந்த சனம். கல்வெட்டைக் கையில் எடுத்தவர்கள் அந்தப் பக்கத்தில் ஒரு கணம் நின்று, அடுத்த பக்கத்துக்குப் போனார்கள். ஒருவராவது கேட்கமாட்டாரா என்று நான் கதவடியில் காவல் நின்றேன். கடைசியில் திருகோணமலைக்கார மனிதர் ஒருவர், கண் சரியாகத் தெரியாதவர், யன்னல் வெளிச்சத்தில் புத்தகத்தைப் பிடித்துப் பார்த்துவிட்டு அக்காவிடம் கேட்டார். "பிள்ளை, இதில ஏதோ ஒரு சொல்லு விடுபட்டுப் போச்சுது போல."

அக்கா சோறு போட்டுக்கொண்டிருந்தார். கரண்டியை வைக்கவில்லை. "விடுபடேல்லை ஐயா. நாங்கள்தான் விட்டனாங்கள்."

உங்கள் சட்டத்தை உங்கள் மனைவி அத்தனை பேருக்கும் முன்னால் ஒரே வரியில் நடத்திக் காட்டினார். நீங்கள் அதைக் கேட்க இருக்கவில்லையே என்று எனக்கு உங்கள் மேலும் ஆத்திரம் வந்தது. சரியான நேரத்தில் சாகத் தெரியாத மனிதர்.

ஒரு வருடத்துக்கு முந்திய கதை அது. இனிப் புதிய செய்தி.

அக்காவின் வழக்கு சரிவந்தது. நீங்கள் எழுதிக் கொடுத்த உண்மையையே அவர் விசாரணையில் சொன்னார். அங்கே இருந்தவர்களுக்கு அது விளங்கியது. வெள்ளைக்காரனுக்கு விளங்காது என்று சொன்னவரை நான் பிறகு கோட்-டெ-நெய்ஜ் மெட்ரோ வாசலில் கண்டேன். அவர் அலுமாரியைப் பற்றிக் கேட்டார்.

போன மாதம் வதனி வந்து சேர்ந்தாள். எந்த வழியால் வந்தாள் என்பது இங்கே வேண்டாம். பெரியம்மாவும் இந்தியாவுக்குப் போய்விட்டார். ஊரில் உங்கள் வீட்டில் இப்போது பூட்டு மட்டும்தான் இருக்கிறது. பூட்டை யாரும் சுடமாட்டார்கள்.

ஆகவே நான் பரமநாதனிடம் போனேன். நீர் சொன்ன காரணம் முடிந்துவிட்டது, கல்வெட்டைத் திரும்ப அடிப்போம், துரோகி அத்தியாயத்தையும் பத்திரிகையில் போடுவோம் என்றேன். அவர் எனக்குக் கோப்பி ஊற்றித் தந்தார். பழசைக் கிளற வேண்டாம் என்றார். இப்போது ஒற்றுமைதான் முக்கியமாம். அண்ணை, அப்படியென்றால் அன்றைக்கு வதனி அவருக்கு வெறும் சாக்கு, வெறும் சாட்டு. அந்தப் பிள்ளையின் உயிரைச் சாட்டாக வைத்துத்தான் அந்த மனிதர் என் வாயை அடைத்தார். பழசைக் கிளறாமல் ஒரு சரித்திரம் உண்டா? கொப்பிக்காரர் கிளறியபோது பக்கம் பக்கமாக அச்சடித்துக் கைதட்டியவர் இவர்தானே? அடுத்தவன் முற்றத்துப் புல் என்றால் எவ்வளவு தண்ணீரும் விடலாம். கோப்பியைக் குடிக்காமல் வந்துவிட்டேன்.

நேரே உங்கள் வீட்டுக்குத்தான் போனேன். வதனி குசினி மேசையில் இருந்தாள். அவளுக்கு எடுத்து வைத்திருந்த கல்வெட்டை அக்கா அன்றைக்குத்தான் கொடுத்திருந்தார். உங்கள் படத்தில் விரலை வைத்துக்கொண்டு கனநேரம் இருந்தாள். பிறகு பக்கத்தைப் புரட்டினாள். புள்ளிக்கோட்டைக் கண்டதும் இது என்ன என்று கேட்கவில்லை. என் சட்டைப் பையில் இருந்த பேனையை எட்டி எடுத்தாள். உங்களைப் போல கொஞ்சம் இடப்பக்கம் சரிந்த எழுத்து. 'எங்கடை ஆக்கள்' என்று எழுதினாள்.

நான் யார் என்பது உங்களுக்குத் தெரியும். அந்த நேரத்திலும் என்னால் சும்மா இருக்க முடியவில்லை. "பிள்ளை, அச்சிலை எங்கள் ஆட்கள் எண்டுதான் வரவேணும். எழுத்துத் தமிழ்" என்றேன்.

அவள் பேனையை மூடி என்னிடம் தந்தாள். "அண்ணாவைக் கூட்டிக்கொண்டு போக வந்தவை எழுத்துத் தமிழிலை கதைக்கேல்லை, மாமா. எங்கடை தமிழிலைதான் கதைச்சவை. அம்மா எங்கை எண்டு கூடக் கேட்டவை."

நான் பேனையைச் சட்டைப் பையில் செருகினேன். மொழிபெயர்ப்பில் என்னை வென்றவர்கள் இரண்டு பேர். இரண்டு பேரும் உங்கள் வீட்டார்.

அன்று பின்னேரம் அவள் கதவடியில் நின்றவர்களைப் பற்றிச் சொன்னாள். யார் முன்னால் நின்றான், யார் மதிலில் சாய்ந்து நின்றான், எத்தனை மணி, மழையா வெயிலா. நான் ஒரு கொப்பி வாங்கி எழுதிக்கொண்டேன். நீங்கள் ஆறு மாதம் தேடியது உங்கள் மகளிடமே இருந்தது. அவள் கடிதத்தில் எழுதவும் முடியாது, நீங்கள் போனில் கேட்கவும் முடியாது. இதற்கு நான் யாரோடு சண்டை பிடிப்பேன்?

மிஞ்சிய கல்வெட்டுகள் ஒரு பெட்டி நிறைய என் அறையில் இருக்கின்றன. இப்போது ஞாயிறு பின்னேரங்களில் கீழ்த்தளத்து வாங்கில் நானும் வதனியும் இருக்கிறோம். மெசின் சுற்றுகிறது. அவள் ஒவ்வொரு புத்தகத்திலும் அந்த இடத்தை நிரப்புகிறாள். ஒரே எழுத்து, ஒரே சாய்வு. நான் மை காயும்வரை பக்கத்தைப் பிடித்துக்கொண்டிருக்கிறேன். இதைவிட மரியாதையான வேலையை நான் இந்த நாட்டில் செய்யவில்லை.

இது என் வாக்கு. இந்தப் புத்தகங்களை ஒவ்வொரு வீடாக நானே கொண்டு போய்க் கொடுப்பேன். முதற் கதவு பரமநாதன் வீட்டுக் கதவு. அவர் வாங்காவிட்டால் வாசலில் வைத்துவிட்டு வருவேன், அடுத்த நாளும் வைப்பேன். நீங்கள் நிறுத்திய இடத்தில் இருந்து மூன்றாம் புத்தகத்தை முடிப்பேன். துரோகி என்ற சொல் அதில் அந்த ஆசிரியரின் கழுத்தில் இருந்து இறங்கி, எழுதித் தொங்கவிட்டவர்களின் கையில் போய் நிற்கும். கொப்பியில் உள்ள பெயர்களைக் கேட்பதற்கு ஒரு நியாயமான சபை எந்த நாட்டில் கூடினாலும், நான் இருந்தால் நான், இல்லையென்றால் வதனி, கொண்டு போய் வைப்போம். நான் செத்தால் என் கல்வெட்டில் எவனாவது 'அழைக்கப்பட்டார்' என்று எழுதினால் அவள் வெட்டுவாள். அதையும் சொல்லி வைத்திருக்கிறேன்.

உங்கள் மகனை எங்கடை ஆக்கள் கொன்றார்கள். நான் எழுதுகிறேன்.

உங்கள் சொல்லுக்கு ஒருநாளும் உடனே சம்மதிக்காத,
உங்களுக்குப் பிறகு உங்கள் பேனையைப் பிடித்திருக்கும்
உடன்பிறவாத் தம்பி
கந்தப்பு
கோட்-டெ-நெய்ஜ், மொன்றியல்